எதிரே ஆளில்லாத சண்டை

ஒலிம்பியாவில் ஒரு காலத்தில் ஒரு குத்துச்சண்டை வீரனின் சிலை நின்றது. கைகளை உயர்த்திக் குத்தத் தயாரான நிலை. எதிரே யாரும் இல்லை. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் கிரேக்க நாட்டில் ஊர் ஊராகப் போய், கண்டதையெல்லாம் எழுதிவைத்த பாசனியாஸ் அந்தச் சிலையைப் பார்த்திருக்கிறார். வடித்தவர் ஏஜினா தீவின் சிற்பி கிளௌக்கியாஸ். நிறுவியது வீரனின் மகன். வீரனின் பெயர் கிளௌக்கஸ். யூபியா தீவில் உள்ள கரிஸ்டஸ் அவன் ஊர்.

கிளௌக்கஸ் உழவுத் தொழில் செய்தவன். ஒருநாள் கலப்பையிலிருந்து கொழு கழன்று விழுந்தது. சுத்தியலைத் தேடாமல் வெறுங்கையால் அடித்தே அதை இறுக்கிவிட்டான். அதைப் பார்த்த அப்பா டெமிலஸ், பிள்ளையைக் குத்துச்சண்டைக்கென்று ஒலிம்பியாவுக்கு அழைத்துப்போனார். வலு இருந்ததே தவிர பழக்கம் இல்லை. முந்தைய சுற்றுகளிலேயே நிறைய அடிபட்டு, கடைசி எதிராளியிடம் துவண்டுபோகும் நேரத்தில் அப்பா கத்தினார்: மகனே, அந்தக் கலப்பை அடி! ஓங்கி விழுந்த ஒரே அடியில் சண்டை முடிந்தது.

இந்தக் கதையை வைத்து நாம் ஒரு சிலை செய்தால் ஓங்கிய கையையும் விழுந்து கிடக்கும் எதிராளியையும்தான் செய்வோம். கிளௌக்கியாஸ் அப்படிச் செய்யவில்லை. தன் காலத்தில் கைவீச்சின் நேர்த்தியில் கிளௌக்கஸை மிஞ்ச ஆளில்லை என்பதால், அவன் தனியாகப் பழகும் தோரணையில் சிலையை வைத்தார்கள் என்கிறார் பாசனியாஸ். உழவுக்காட்டிலிருந்து வலுவோடு மட்டும் வந்தவன் பின்னாளில் வித்தை தெரிந்தவனாகிவிட்டான். மகன் ஊருக்குக் காட்ட விரும்பியது அந்த வித்தையை. அந்தத் தோரணைக்குப் பாசனியாஸ் எழுதிய கிரேக்க வினைச்சொல்லின் உறவுதான் நான் பேச வந்த ஆங்கிலச் சொல்: சையாமகி.

எஸ், சி, ஐ, ஏ, எம், ஏ, சி, எச், ஒய். பெரிய அகராதிகளில் இருக்கிறது, பேச்சில் கிடையாது. 'ஸ்கியா' என்றால் நிழல், 'மாகே' என்றால் போர். நிழலை இன்னும் சில ஆங்கிலச் சொற்களுக்குள்ளும் கிரேக்கர்கள் ஒளித்துவைத்திருக்கிறார்கள். அணிலின் ஆங்கிலப் பெயரான 'ஸ்குவிரல்', நிழல்வால் என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. தன் வாலையே குடையாகப் பிடித்து உட்காரும் பிராணிக்கு எவ்வளவு அழகான பெயர்! எக்ஸ்ரே வந்த புதிதில் அந்தப் படத்தை 'ஸ்கியாகிராஃப்' என்றும் சொன்னார்கள். நிழலெழுத்து.

ஒரு தமிழ் வாசகருக்கு இந்தச் சொல் ஆங்கிலேயரைவிடச் சற்று நெருக்கமாகவே வரும் என்று நினைக்கிறேன். காரணம் 'நிழல்'. மரத்தடியில் கிடைப்பதும் நிழல், காலடியில் விழுவதும் நிழல். நமக்கு இரண்டும் ஒரே சொல். ஆங்கிலத்தில் மரத்தடி நிழல் 'ஷேட்', காலடி நிழல் 'ஷேடோ'. கிரேக்க 'ஸ்கியா' நம் நிழலைப் போல இரண்டையும் சேர்த்தே பிடிக்கும். ஆகவே நிழற்போர் என்று மொழிபெயர்த்ததும், பள்ளியில் படித்த வேற்றுமைத் தொகை வந்து நிற்கிறது. அது நிழலோடு போரா, நிழலில் போரா? மூன்றாம் வேற்றுமையா, ஏழாம் வேற்றுமையா? கிரேக்க அகராதி தொகுத்தவர்களுக்கும் இதே ஐயம் இருந்திருக்கிறது. நிழலில், அதாவது பயிற்சிக்கூடத்தின் கூரைக்கடியில், வெறும் பழக்கத்துக்காகப் போரிடுவது என்று ஒரு பொருளும், நிழலை எதிரியாக வைத்துப் போரிடுவது என்று இன்னொரு பொருளும் எழுதிவைத்தார்கள். வெயிலில் நின்று களத்தில் செய்வது போர்; நிழலில் செய்வது அதற்கான பழக்கம். இந்தப் பிளவு தமிழில் உருபை விரித்தாலே தெரிந்துவிடுகிறது.

பழக்கம் என்ற பொருளுக்குப் பிளேட்டோவே சாட்சி. அவருடைய 'சட்டங்கள்' என்ற நூலில், அமைதிக்காலத்தில் ஒரு நகரம் போருக்கு எப்படிப் பழக வேண்டும் என்று ஏதென்ஸ்காரர் ஒருவர் விளக்குகிறார். குத்துச்சண்டைக்காரர்களைப் பாருங்கள் என்கிறார். பழகத் துணை கிடைக்காவிட்டால், அறிவிலிகள் சிரிப்பார்களே என்று பயப்படாமல் உயிரற்ற ஒரு பொம்மையைத் தொங்கவிட்டுக் குத்திப் பழகுவோம். அதுவும் இல்லாவிட்டால் நம்மையே எதிரியாக்கி நிழற்போர் செய்வோம். சிரிப்புக்குப் பயப்படாமல் என்ற சொற்கள் எனக்கு மிகவும் பிடித்தவை. ஆளில்லாத இடத்தில் கை வீசுகிறவனைப் பார்த்துச் சிரிக்கும் வழக்கம் அவ்வளவு பழையது.

மருத்துவர் கேலன் சிரிக்கவில்லை. பெர்கமமில் கிளாடியேட்டர்களின் காயங்களுக்கு மருந்து கட்டிய அனுபவம் உள்ளவர். உடல்நலம் பேணுவது பற்றிய நூலில் பயிற்சிகளை வகை பிரிக்கும்போது, மண் வெட்டுவது, பாரம் தூக்குவது போன்றவற்றை ஒரு பக்கமும், ஓட்டம், நிழற்போர் போன்றவற்றை இன்னொரு பக்கமும் வைக்கிறார். முன்னவை வலுவைக் கேட்பவை. பின்னவை வேகத்தைக் கேட்பவை. இன்றைக்கும் குத்துச்சண்டைக் கூடங்களில் கண்ணாடிக்கு எதிரே நின்று 'ஷேடோ' செய்துவிட்டுத்தான் மற்றதெல்லாம். பையைக் குத்தும்போது கையைப் பை நிறுத்திவிடுகிறது. காற்றைக் குத்தும்போது நிறுத்துவதற்கு எதுவும் இல்லை. போன கையைத் தன் தசையாலேயே பிடித்து நிறுத்தித் திரும்ப முகத்துக்கு முன் கொண்டுவர வேண்டும். அதற்குள் கால் நிலை தவறக் கூடாது. குத்து இலக்கில் படாமல் போனால் படுவதைவிட அதிகமாகக் களைக்கும் என்பதைப் பத்து நிமிடம் செய்து பார்த்தவர்கள் ஒத்துக்கொள்வார்கள். சிலம்பம் பழகியவர்களுக்கு இது புதிதல்ல. எதிராளி இல்லாமல் கம்பைச் சுழற்றி, அடவு மாற்றி வீடு கட்டும்போது, ஆள் நிற்கும் இடமெல்லாம் ஆடுகிறவரின் கண்ணுக்குத் தெரிந்தபடியேதான் இருக்கிறது.

ஆங்கிலத்தில் இந்தப் பொருளுக்கு நல்ல சாட்சி ஜோசப் அடிசன். லண்டனின் 'ஸ்பெக்டேட்டர்' நாளிதழில் 1711ஆம் ஆண்டு ஜூலை 12 அன்று உடற்பயிற்சி பற்றி ஒரு கட்டுரை எழுதினார். தினமும் காலையில் ஒரு மணி நேரம் தன் அறையின் மூலையில் உள்ள 'ஊமைமணி' (டம்பெல்) என்ற பயிற்சிக் கருவியை இழுக்கிறாராம். வீட்டுக்கார அம்மாவும் அவருடைய பெண்களும் விவரம் தெரிந்தவர்கள். அந்த நேரத்தில் வந்து தொந்தரவு செய்வதில்லை. சில ஆண்டுகளுக்கு முன்பு இதைவிடக் கடினமான ஒன்றை, ஒரு இலத்தீன் நூலைப் படித்துக் கற்றதாகவும் சொல்கிறார். இரு முனையிலும் ஈயம் அடைத்த குட்டையான தடிகள் இரண்டை ஆளுக்கு... இல்லை, கைக்கு ஒன்றாகப் பிடித்துக்கொண்டு சுழற்றுவது. கிரேக்கப் பெயரைச் சொல்லி, தன் நிழலோடு போரிடுவது என்று விளக்கமும் தருகிறார். மார்பு விரியும், கைகால் பழகும், குத்துச்சண்டையின் இன்பம் முழுவதும் கிடைக்கும், அடி மட்டும் கிடைக்காது.

இரண்டாவதாக ஒரு பொருளும் உண்டு: போலிப் போர், அதாவது திருவிழாவுக்காக நடத்தும் பாவனைச் சண்டை. பிரெஞ்சு எழுத்தாளர் ரபலே 1549இல் 'லா சியோமாஷி' என்ற சிறு நூலை லியோனில் வெளியிட்டார். பிரான்ஸ் அரசர் இரண்டாம் ஹென்றிக்கு இரண்டாவது மகன் பிறந்ததைக் கொண்டாட, ரோமில் கர்தினால் தூ பெலே தன் அரண்மனையில் நடத்திய பாவனைப் போரின் வருணனை அது. அத்தனை ஆரவாரத்தோடு வரவேற்கப்பட்ட அந்தக் குழந்தை மறு ஆண்டே இறந்துபோனது.

இன்று அகராதியைத் திறந்தால் முதலில் வருவது மூன்றாவது பொருள்: கற்பனை எதிரியோடு சண்டை, வீண்போர். அடிசனும் அதே கட்டுரையில் இந்தப் பக்கம் சாய்கிறார். ஒன்றுமில்லாத விஷயங்களுக்காகச் சர்ச்சை செய்து காலம் கழிக்கும் கற்றறிந்தவர்கள், அந்த நேரத்தை இப்படித் தங்கள் நிழலோடு சண்டையிட்டுச் செலவழித்தால் நல்லது என்கிறார். அப்படிப்பட்ட சர்ச்சைக்கே ஆங்கிலத்தில் ஒரு சகோதரச் சொல் உண்டு, 'லோகோமகி'. சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் சொற்போர். ஆனால் நாம் சொற்போர் என்று மதிப்போடு சொல்வதை அவர்கள் வெற்று வார்த்தைச் சண்டை என்று இறக்கிவைத்துவிட்டார்கள்.

'கற்பனை எதிரி' என்ற அந்த விளக்கத்தோடுதான் எனக்குச் சண்டை. இந்தச் சொல்லின் மிகப் புகழ்பெற்ற ஆட்சி, அந்த விளக்கத்துக்குள் அடங்கவே இல்லை.

கி.மு. 399. ஏதென்ஸ் நீதிமன்றம். எழுபது வயது சாக்ரடீஸ் எழுந்து பேசுகிறார். பிளேட்டோ எழுதிவைத்தபடி, தன்மேல் குற்றம் சாட்டுகிறவர்கள் இரண்டு வகை என்று அவர் தொடங்குகிறார். ஒரு வகையினர் இதோ எதிரே நிற்பவர்கள், மெலிட்டஸும் அவரோடு சேர்ந்தவர்களும். இன்னொரு வகையினர் பழையவர்கள். எண்ணிக்கையில் மிகுந்தவர்கள், பல ஆண்டுகளாகப் பேசிக்கொண்டிருப்பவர்கள். நீங்கள் பிள்ளைகளாக இருந்தபோதே உங்கள் காதில் ஓதியவர்கள். வானத்தை ஆராய்கிறான், தோற்கும் வாதத்தை வெல்லும் வாதமாக்குகிறான் என்று சொல்லிச் சொல்லி வளர்த்தவர்கள். அவர்களைத்தான் நான் அதிகம் அஞ்சுகிறேன் என்கிறார். அவர்களுடைய பெயர்கூட எனக்குத் தெரியாது, நகைச்சுவை நாடகம் எழுதும் ஒருவரைத் தவிர. அந்த ஒருவர் அரிஸ்டோஃபனீஸ். அவருடைய 'மேகங்கள்' நாடகம் அரங்கேறியது கி.மு. 423இல், இந்த வழக்குக்கு இருபத்து நான்கு ஆண்டுகளுக்கு முன்.

அடுத்துத்தான் அந்தச் சொல் வருகிறது. அவர்களில் யாரையும் இங்கே கூப்பிட்டு நிறுத்த முடியாது, குறுக்கு விசாரணை செய்ய முடியாது. ஆகவே நான் நிழலோடு போரிடுபவனைப் போலத்தான் என் பக்கத்தைச் சொல்ல வேண்டியிருக்கிறது. பதில் சொல்ல ஆளில்லாமல் கேள்வி கேட்க வேண்டியிருக்கிறது.

இதில் கற்பனை எங்கே இருக்கிறது? அந்த எதிரிகள் இருந்தார்கள். அவர்கள் பேசிய பேச்சு நீதிமன்றத்துக்கு வந்து, நடுவர்களின் தலைக்குள் உட்கார்ந்திருந்தது. முப்பது வாக்குகள் மாறி விழுந்திருந்தால் விடுதலை ஆகியிருப்பேன் என்று தீர்ப்புக்குப் பின் சாக்ரடீஸே சொல்கிறார். நிழல் என்றால் பொருள் இல்லாதது என்று நினைப்பது தவறு. பொருள் இருக்கும் இடத்தில்தான் நிழல் விழும். கண்ணுக்கு எதிரே விழுந்திருப்பது நிழல். விழவைத்த ஆள் வேறு எங்கேயோ நிற்கிறான். கை நிழலைத்தான் எட்டும்.

எங்கள் வீட்டில் இது நடந்தது. அப்பா ஒரு அலுவலகத்தில் எழுத்தர், கையிருப்புப் பதிவேடு அவர் பொறுப்பு. நான் எட்டாம் வகுப்பு படித்தபோது மேலிடத்துக்கு ஒரு மொட்டைப் பெட்டிஷன் போனது: பொருள்களை வெளியே விற்கிறார் என்று. கையெழுத்து இல்லை, தேதி இல்லை. மெமோ வந்தது. விளக்கம் எழுதிக் கொடுத்தார். பிறகு என்கொயரி. இரண்டு ஆண்டுகளுக்கு மேல் இழுத்தது. அந்தக் காலம் முழுக்க, இரவில் நான் பாடம் படித்துக்கொண்டிருக்கும்போது அப்பா முற்றத்தில் நடந்தபடி தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டிருப்பார். ஒரு கேள்வி, அதற்குப் பதில், மறுபடி ஒரு கேள்வி. இரண்டு குரலும் அவருடையதே. "யாருகிட்டங்க பேசிக்கிட்டு இருக்கீங்க?" என்று அம்மா ஒருநாள் கேட்டார். "எழுதுனவன்கிட்ட" என்றார் அப்பா.

பகலில் இன்னும் மோசம். கேட்காதவர்களுக்கெல்லாம் விளக்கம் சொன்னார். பால்காரருக்குச் சொன்னார், முடிதிருத்தும் கடையில் சொன்னார், கல்யாண வீட்டுப் பந்தியில் பக்கத்து இலைக்காரருக்குச் சொன்னார். அவர்களில் பலருக்கு அப்போதுதான் விஷயமே தெரிந்தது. மறுக்க மறுக்கப் புகார் ஊருக்குள் பரவியது. யாருடைய முகத்தைப் பார்த்தாலும் இவனாக இருக்குமோ என்று அவருக்குத் தோன்ற ஆரம்பித்தது. இரண்டு நல்ல நண்பர்களை அப்படி இழந்தார். கடைசியில் குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை என்று ஓர் ஆணை வந்தது. எழுதியவர் யாரென்று இன்றுவரை தெரியவில்லை.

கைபேசி வந்த பிறகு மொட்டைக் கடிதத்துக்குத் தபால் தலைகூட வேண்டியதில்லை. பெயரில்லாக் கணக்கிலிருந்து ஒரு வரி, அதை முன்னனுப்ப நூறு பேர். பழிக்கப்பட்டவர் யாரிடம் போய்ப் பதில் சொல்வார்? சாக்ரடீஸின் குறை இதுதான்: வைதவர்கள் எல்லோரும் கலைந்துபோன மைதானத்தில் தன்னை மட்டும் நிறுத்திவைத்திருக்கிறார்கள்.

இந்தச் சொல்லைத் தமிழில் எப்படி எழுதுவது என்பதில் ஒரு சிக்கல் உண்டு. 'நிழல் யுத்தம்' என்று எழுதலாம்தான். ஆனால் அதை நம் செய்தித்தாள்கள் வேறொன்றுக்கு எடுத்துக்கொண்டுவிட்டன. இரண்டு பெரிய நாடுகள் தாங்கள் மோதாமல் மூன்றாவது நாட்டில் ஆளை வைத்து மோதவிடுவதற்கு அந்தப் பெயர். ஆகவே பயிற்சிப் பொருளுக்கு 'நிழற்பழக்கம்' என்றும், சாக்ரடீஸ் சொன்ன பொருளுக்கு 'நிழற்போர்' என்றும் என் குறிப்பேட்டில் எழுதிவைத்திருக்கிறேன். இரண்டையும் ஒரே சொல்லில் வைத்திருந்த கிரேக்கத்தின் செறிவு இதில் போய்விடுகிறது என்பது தெரியும்.

அப்பா ஓய்வுபெற்று, இறந்தும் பல ஆண்டுகள் ஆகின்றன. அவர் பெட்டியில் அந்த ஆணையின் நகல்கள் ஏழு கிடைத்தன. ஒன்றை மட்டும் பிளாஸ்டிக் உறையில் போட்டிருந்தார். சட்டைப்பையில் வைத்து வைத்து மடிப்பு விழுந்த இடத்தில் எழுத்து அழிந்திருந்தது.