இருவரில் ஒருவர்

தொண்ணூறுகளில் ஓமந்தையிலே மின்சாரம் இல்லை. துவிச்சக்கரவண்டியைத் தலைகீழாக நிறுத்தி, மிதிகட்டையைக் கையாற் சுழற்றினால் டைனமோவின் தயவில் வானொலி பாடும். கை சளைத்தால் பாட்டும் சளைத்துவிடும்! அந்நாட்களில், "இசை: விஸ்வநாதன் – ராமமூர்த்தி" என்று அறிவிப்பாளர் கூறும்போது, அது ஒரே மனிதரின் நீண்ட பெயர் என்றே சிறுவனாகிய நான் நம்பியிருந்தேன்.

விஸ்வநாதனின் புகழைப் பாடாதார் இலர். ஆகவே நேயர்களே, மற்றவரைப் பற்றிச் சிறிது கூற விரும்புகிறேன்.

டி. கே. ராமமூர்த்தி 1922 இல் திருச்சிராப்பள்ளியிற் பிறந்தவர். வயலின் மேதை மலைக்கோட்டை கோவிந்தசாமிப் பிள்ளையின் பேரன். சி. ஆர். சுப்பராமனின் குழுவில் இவர் வயலின் வாசிக்க, ஆறு வயது இளையவரான விஸ்வநாதன் ஆர்மோனியம் வாசித்தார். 1952 இல் சுப்பராமன் இளவயதிலேயே காலமாக, அவர் குறையாக விட்ட படங்களை இருவருமே முடித்துக் கொடுத்தனர். அவ்வாண்டு வெளிவந்த என். எஸ். கிருஷ்ணனின் 'பணம்' இருவர் பெயரையும் இணைத்தது.

1964 ஆம் ஆண்டை மட்டும் எடுத்துக்கொள்வோம். 'கர்ணன்' படத்திலே ஷெனாயும் சாரங்கியும் ஒலிக்க, இந்துஸ்தானி இராகங்கள் பொழிந்தன. 'காதலிக்க நேரமில்லை' மேனாட்டுத் துள்ளலிசையிலே குதித்தது. 'புதிய பறவை'யிலோ, நாயகன் மனம் வெதும்பித் தவிக்கும் பாட்டுக்குத் திரளான வயலின்கள் அலையலையாய் எழுந்து பாடகரின் குரலைத் துரத்துகின்றன. எது எவர் கற்பனை என்று பிரித்தறிய எவரால் இயலும்? எனினும், அவ்வயலின்களைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு நினைவுக்கு வருபவர் மலைக்கோட்டையாரின் பேரனே.

1965 இல் 'ஆயிரத்தில் ஒருவ'னோடு இருவரும் பிரிந்தனர். பின்னர் விஸ்வநாதன் இசையமைத்த படங்கள் நூற்றுக்கணக்கின. ராமமூர்த்தி தனித்து அமைத்தவை இருபதை எட்டவில்லை. ஆனால் 'மறக்க முடியுமா?' படத்தில் பி. சுசீலா பாடிய சோகப் பாட்டொன்றைக் கேட்டவர் அவரைக் குறைவாக மதிப்பிடார். 'நான்', 'மூன்றெழுத்து', 'தங்கச் சுரங்கம்' ஆகியவற்றிலும் அவர் கைவண்ணத்தைக் காணலாம்.

முப்பது ஆண்டுகள் கழித்து, 1995 இல், 'எங்கிருந்தோ வந்தான்' படத்துக்காக மீண்டும் சேர்ந்தனர். 2013 இல் ராமமூர்த்தியும் 2015 இல் விஸ்வநாதனும் மறைந்தனர்.

இப்போது எங்கள் வீட்டில் மின்சாரம் உண்டு. வானொலியும் ஓயாது பாடுகிறது. அவசரத்தில் எந்த அறிவிப்பாளராவது பழைய பாட்டொன்றுக்கு "இசை விஸ்வநாதன்" என்று மட்டும் கூறிவிட்டால், என் வாய் தன்னையறியாமலே மற்றப் பெயரையும் சேர்த்து முணுமுணுத்துவிடுகிறது.