சித்திரைத் திருவிழாவும் படச்சுருளும்

சித்திரை பிறந்தால் மதுரைக்கு விழாக்கள் இரண்டு. அன்னை மீனாட்சிக்குப் பட்டாபிஷேகமும் திக்விஜயமும் திருக்கல்யாணமும் நிகழ, அழகர்மலையிலிருந்து கள்ளழகர் வைகையை நோக்கிப் புறப்படுகிறார். மாசியில் நடந்துவந்த அன்னையின் விழாவைச் சித்திரைக்கு மாற்றி இரண்டையும் இணைத்தவர் திருமலை நாயக்கர்.

இதைப் படச்சுருளில் பதிக்க முனைந்தவர்கள் அமெரிக்காவின் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த குழுவினர். மிரா ரேம் பின்ஃபோர்டும் மைக்கேல் கேமெரினியும் உருவாக்கிய 'வெட்டிங் ஆஃப் தி காடஸ்' என்னும் ஆவணப்படம் 1976-இல் இரு பகுதிகளாக வெளிவந்தது. 'தேவியின் திருமணம்' என்று பொருள்படும் அப்பெயரே ஒரு பக்கம் சாய்ந்துவிடுகிறது.

ஏனெனில், அழகர் எதற்காக வருகிறார் என்பதற்கே இரு விடைகள் உண்டு. தங்கையின் திருமணத்துக்கு வந்தவர், அது முடிந்துவிட்டதறிந்து சினந்து திரும்புகிறார் என்பது மக்கள் வழக்கு. மண்டூக முனிவருக்குச் சாப விமோசனம் அளிக்கவே எழுந்தருளுகிறார் என்பது கோயில் மரபு. கோயிலில் அன்னையைத் தாரைவார்த்துக் கொடுப்பவரோ திருப்பரங்குன்றத்துப் பவளக்கனிவாய்ப் பெருமாள்! கதையொன்றைத் தேர்ந்துகொண்டு மற்றதை விலக்கும் படம் மதுரையைக் காட்டியதாகாது.

கருவறைக்குள் கேமராவுக்கு இடமில்லை, அது முறையே. ஆனால் உற்சவர் வீதிக்கு வருவதே கோயிலுக்கு வர இயலாதாருக்காகத்தானே? முதியோர், நோயுற்றோர், 1939-ஆம் ஆண்டு ஆலயப் பிரவேசத்துக்கு முன் வாயிலிலேயே தடுக்கப்பட்டோர் என அனைவரையும் தேடிவந்தது அந்த வீதியுலா. சர்க்கரை நிரம்பிய செம்பின்மேல் சூடம் ஏற்றி நிற்பவர், தோல்பையால் நீர் பீய்ச்சுபவர், மண்டகப்படிதோறும் இரவெல்லாம் விழித்திருப்பவர் ஆகியோரின் முகங்களே ஆவணப்படத்தின் செல்வம். (கைப்பேசியை உயர்த்திப் பின்னிற்போரின் தரிசனத்தை மறைப்பது வேறு காரியம். மீனாட்சியம்மன் கோயிலுக்குள் 2018 முதல் அதற்குத் தடை விதித்தது நன்று.)

2020-இல் ஊரடங்கு வந்தது. மே 4 அன்று பக்தர்களின்றி, சிவாசாரியார் சிலர் மட்டுமே நடத்திய திருக்கல்யாணம் நேரலையாக வீடுகளை அடைந்தது. திருமாங்கல்யதாரணத்தின்போது, திரையின் முன் அமர்ந்திருந்த சுமங்கலிப் பெண்கள் தத்தம் தாலிச் சரட்டை மாற்றிக்கொண்டனர். கள்ளழகர் அவ்வாண்டு ஆற்றில் இறங்கவில்லை. வைகைக்கரையில் படம்பிடிக்க ஏதுமில்லாதிருந்தது.