நம் காணொளியும் பிறர் கருத்துரையும்

தமிழகத்தை விட்டு வெளி மாநிலங்களில் குடியேறி வாழும் நம்மவர் பலர் இந்நாளில் கைப்பேசியிலேயே காணொளி எடுத்து யூடியூபிலும் இன்ஸ்டாகிராமிலும் வெளியிட்டு வருகின்றனர். மார்கழிக் கோலம், நவராத்திரிக் கொலு, பெண்ணின் நாட்டிய அரங்கேற்றம், கத்தரிக்காய்க் கொத்சு செய்யும் முறை என்று அவற்றுக்கு எல்லை இல்லை. ஊரில் இருக்கும் பாட்டி பார்க்கவேண்டும் என்பதே பெரும்பாலும் நோக்கம். ஆனால் பாட்டி பார்க்கும் அதே காணொளியை முன்பின் அறியாதவரும் பார்க்கலாம். பார்த்ததோடு அமையாமல் அதன் கீழே தம் கருத்துரையை எழுதவும் செய்யலாம். யார் எழுதலாம், எது வெளிப்படலாம் என்பதை வரையறுக்கும் உரிமை வெளியிட்டவருக்கு உண்டு. இதனைப் பலர் அறியார். அறிந்தவருள்ளும் பலர் கதவை முற்றத் திறந்து வைத்தல், முற்ற அடைத்துவிடுதல் என்னும் இரண்டு வழிகளையே அறிவர். இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள வழிகளே பயன் மிக்கவை.

இச்செயலுக்கு மட்டுறுத்தல் என்னும் சொல்லைத் தமிழ் இணையத்தார் ஆண்டு வருகின்றனர். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நமக்கு இச்சொல் மிகவும் பிடித்திருக்கிறது. தடுப்பது என்று சொல்லாமல், ஓர் அளவுக்குள் நிறுத்துவது என்று அது சொல்கிறதன்றோ?

கருத்துரையால் வரும் தீங்கு என்றவுடன் வசை மொழியே நினைவுக்கு வருகிறது. அது மெய்தான். வேற்று மாநிலத்தில் வாழ்வோருக்கு அதன் சூடு சற்று அதிகம். 2016 செப்டம்பரில் காவிரி நீரை முன்னிட்டுப் பெங்களூரில் கலவரம் மூண்டபோது, கைப்பேசிக் காணொளிகள் இரு மாநிலங்களிலும் பரவி உணர்ச்சியைக் கிளறின. அத்தகைய நாட்களில், சமையல் குறிப்பின் கீழேகூட மொழிச் சண்டை தொடங்கிவிடும். அதற்கென்றே யூடியூபில் இடைநிறுத்தம் என ஓர் ஏற்பாடு உள்ளது. அதனைத் தேர்ந்தால், முன்பு எழுதப்பட்ட கருத்துரைகள் அப்படியே நிற்கும். புதியன மட்டும் ஏறமாட்டா. முற்றிலும் மூடிவிட்டாலோ பழையவையும் கண்ணுக்கு மறைந்துவிடும். சில நாள் கொந்தளிப்புக்காகப் பாட்டியின் ஆசிமொழியை மறைக்கவேண்டியதில்லை.

ஆனால் நம் அனுபவத்தில், வசையைவிடக் கவனிக்கவேண்டியது அன்பு மிகுந்த கருத்துரையே. தில்லியில் வசிக்கும் ஒரு குடும்பம் தன் பெண் ஆடிய நடனத்தை வெளியிடுகிறது என வைத்துக்கொள்வோம். பெற்றோர் எச்சரிக்கையாக ஊர், தெரு எதையும் குறிப்பிடவில்லை. திருநெல்வேலியிலிருந்து அத்தை எழுதுகிறார்: இது மயூர் விகாரில் கோவிலுக்குப் பின்னால் இருக்கும் உங்கள் பழைய வீடுதானே, குட்டி இப்போது எந்த வகுப்பு என்று. மாமா ஒருவர் பள்ளியின் பெயரைச் சொல்லி விடையளிக்கிறார். இருவர் எழுதியதிலும் குற்றமில்லை. எனினும் அந்நியன் ஒருவனுக்குக் குழந்தையின் செல்லப் பெயரும், வீடும், பள்ளியும், வயதும் ஒரே பக்கத்தில் கிடைத்துவிடுகின்றன. அவசரத்துக்கு ஓடிவரச் சுற்றம் அருகில் இல்லாத குடும்பத்துக்கு இது சிறு விஷயமன்று.

அத்தையை எழுதாதே என்று சொல்ல இயலுமோ? சொல்லவேண்டியதில்லை. யூடியூபின் அமைப்புகளில் தடுக்கப்பட்ட சொற்கள் என ஒரு பட்டியல் உண்டு. அதிலுள்ள சொல்லை ஒத்த சொல் வரும் கருத்துரை உடனே வெளிப்படாது. நம் பார்வைக்கென நிறுத்தி வைக்கப்படும். எல்லோரும் இதில் வசைச் சொற்களையே இடுகின்றனர். நாம் சொல்வது, முதலில் உங்கள் தெருவின் பெயரையும், குடியிருப்பின் பெயரையும், குழந்தையின் பள்ளியையும், செல்லப் பெயரையும், உங்கள் தொலைபேசி எண்ணையும் அதில் இடுங்கள் என்பதே. இன்ஸ்டாகிராமில் மறைக்கப்படும் சொற்கள் என்ற பெயரில் இதே வசதி இருக்கிறது.

இதில் நம்மவர் சிறப்பாகக் கருதவேண்டிய ஒரு நுட்பம் உண்டு. இயந்திரம் தானாகச் செய்யும் வடிகட்டல் ஆங்கிலத்தில் தேறும் அளவுக்குப் பிற மொழிகளில் தேறுவதில்லை. தமிழை ஆங்கில எழுத்தில் எழுதினால் அது இன்னும் தடுமாறுகிறது. நம்மவரோ பெரும்பாலும் அப்படித்தான் எழுதுகின்றனர். அதிலும் ஒரே சொல்லை மூவர் மூன்று விதமாக எழுதுவர். ஆகவே பட்டியலில் ஒவ்வொரு சொல்லையும் தமிழ் எழுத்திலும், ஆங்கில எழுத்தில் வழங்கும் இரண்டு மூன்று வடிவங்களிலும், நீங்கள் வாழும் மாநிலத்தின் எழுத்திலும் இடவேண்டும். மும்பையில் இருப்பவர் தேவநாகரியிலும், பெங்களூரில் இருப்பவர் கன்னடத்திலும் இடுவது நலம். ஒரு மாலைப் பொழுது இதற்குப் போதும். பிள்ளைகளைத் துணைக்கு அமர்த்திக்கொள்ளலாம். எழுத்து வேறுபாடுகளை அவர்களே நன்கு அறிவர்.

இணைப்பு முகவரி கொண்ட கருத்துரைகளை நிறுத்தி வைக்க யூடியூபில் தனியே ஒரு குறி இருக்கிறது. அதனைத் தயங்காமல் இடுக. உங்கள் படத்தையே வைத்துக்கொண்டு, உங்கள் பெயரிலேயே, பரிசு விழுந்திருக்கிறது என்று உங்கள் நேயருக்கு மறுமொழி எழுதி வாட்ஸப் எண் கொடுக்கும் மோசடியாளர் உண்டு. அவர்களிடம் பணம் இழந்தவர் எந்த மாநிலத்தில் இருந்தாலும் 1930 என்ற எண்ணை உடனே அழைக்கவேண்டும்.

தொல்லை தருபவர் ஒருவரே என்றால் பட்டியல் வேண்டா, ஆளையே ஒதுக்கலாம். யூடியூபில் ஒருவரை மறைத்துவிட்டால் அவர் எழுதுவது பிறருக்குத் தெரியாது. தாம் மறைக்கப்பட்டதாக அவருக்கு அறிவிப்பும் போகாது. இன்ஸ்டாகிராமில் 2019-இல் வந்த கட்டுப்படுத்தல் என்னும் வசதியும் இவ்வாறே. அவர் எழுதியதை அவர் காண்பார். நாம் ஒப்பினாலன்றிப் பிறர் காணார். பேசாமல் இருக்க முடியாத உறவினர் ஒருவர் எக்குடும்பத்திலும் உண்டாதலால், மனஸ்தாபம் இன்றி முடியும் இவ்வழி நமக்கு உகந்தது. இன்ஸ்டாகிராமில் நம்மைப் பின்தொடர்பவர் மட்டும், அல்லது நாம் பின்தொடர்பவர் மட்டும் எழுதலாம் என்றும் வரையறுக்கலாம். பேஸ்புக்கில் பொதுப் பதிவுகளுக்கு நண்பர் மட்டும் எழுதலாம் என வைக்க இடமுண்டு.

குழந்தைகளுக்கான காணொளி எனக் குறித்தவற்றில் யூடியூப் கருத்துரையைத் தானே அடைத்துவிடுகிறது. இதற்குக் காரணம் அமெரிக்காவில் நடந்தது. சிறுவரின் விவரங்களைப் பெற்றோர் இசைவின்றித் திரட்டியதற்காக, 2019-இல் கூகுளும் யூடியூபும் 17 கோடி டாலர் செலுத்த ஒப்பி வழக்கைத் தீர்த்துக்கொண்டன. 2020 ஜனவரி முதல் இந்த ஏற்பாடு நடைமுறைக்கு வந்தது. எனவே உங்கள் காணொளியின் கீழே எழுதும் இடம் காணப்படாவிட்டால், பழுது என்று எண்ணுமுன் இக்குறியைப் பாருங்கள்.

வீட்டாருக்கு மட்டும் என்றால் காணொளியைத் தனிப்பட்டதாக வைத்துவிடலாமே எனச் சிலர் கேட்பர். வைக்கலாம், ஆனால் யூடியூபில் தனிப்பட்ட காணொளிக்குக் கருத்துரை எழுத இயலாது. பட்டியலிடப்படாதது என்னும் வகையில் வைத்தால் முகவரி அனுப்பப்பட்டவர் பார்க்கலாம், எழுதவும் செய்யலாம். ஆனால் அம்முகவரி கை மாறினால், பெற்றவரும் பார்ப்பர்.

இன்னும் ஒன்று. கருத்துரைகள் பற்றிய பொது அமைப்பு, அதை மாற்றிய பின் ஏற்றும் காணொளிகளுக்கே பொருந்தும். பழையவற்றை நாமே தேர்ந்து மாற்றவேண்டும். பழைய அரங்கேற்றங்களின் கீழே கிடக்கும் முகவரிகளை ஒருமுறை படித்து நீக்கிவிடுதல் நன்று. பரிசீலனைக்கு நிறுத்தப்பட்ட கருத்துரைகளும் என்றென்றும் காத்திரா. யூடியூப் அவற்றை 60 நாட்கள் வரையே வைத்திருக்கும். அத்தை எழுதியது அதற்குள் உங்கள் கண்ணில் படவேண்டுமாயின், வாரம் ஒருமுறை, ஞாயிற்றுக்கிழமை காலையில், அந்தப் பட்டியலைத் திறந்து பாருங்கள்.