புதுநன்மை விருந்துக்கு ஒரு பழக்கலவை

கோடை விடுமுறையில் நம் பங்குகள் பலவற்றில் புதுநன்மை விழா நடைபெறுகிறது. திருப்பலி முடிந்து உறவினர் இல்லம் வந்ததும், பெரியோருக்கென்று கொல்லைப்புறத்தில் மதுப்புட்டி திறக்கும் வழக்கம் சில வீடுகளில் உண்டு. அன்றுதான் நற்கருணை உட்கொண்ட பிள்ளை அதைக் காணாமலா இருக்கும்? பெரியோரும் சிறியோரும் ஒரே பானத்தைப் பருகும் விருந்தையே நாம் விரும்புகிறோம்.

தர்பூசணித் துண்டுகள் ஒரு கிலோ எடுத்து, விதை நீக்கி, மத்தால் மசித்து வடித்துக்கொள்க. விதையோடு மிக்சியில் அரைத்தால் கசப்பு ஏறிவிடும். பெருவிரலளவு இஞ்சியைத் தட்டிப் பிழிந்த சாறு, இரண்டு எலுமிச்சம்பழத்தின் சாறு, ஒரு சிட்டிகை உப்பு ஆகியவற்றைச் சேர்க்க. பழம் நன்கு பழுத்திருந்தால் சர்க்கரை வேண்டியதில்லை. புதினாவை அரைக்காமல் கையால் இலேசாகக் கசக்கிப் போட்டால்தான் மணம். ஐந்தாறு சிறு குவளைகளுக்கு இது காணும். விருந்தினர் தொகைக்கேற்பப் பெருக்கிக்கொள்ளலாம்.

கடையில் வாங்கும் பனிக்கட்டியைச் சாற்றினுள் இடலாகாது. அது பெரும்பாலும் குடிநீரால் செய்யப்படுவதன்று. பாத்திரத்தைச் சுற்றி அடுக்கினாலே போதும், சாறு குளிர்ந்துவிடும். வடித்த ஒரு மணி நேரத்திற்குள் பரிமாறுக. முதற்குவளை புதுநன்மைப் பிள்ளைக்கு. அடுத்தது கொல்லைப்புறம் நோக்கி நடக்கும் மாமாவுக்கு.