மூளை நிரப்பும் வெற்றிடம்

நாளிதழை முதல் பக்கம் தொடங்கிக் கடைசிப் பக்கம் வரை படித்து முடிக்காமல் என் தந்தை காலை உணவுக்கு அமரமாட்டார். 68 வயதிலும் பொடி எழுத்தில் அச்சாகும் வரி விளம்பரங்களை அவரால் தடையின்றிப் படிக்க முடிந்தது. ஆனால், அந்த ஆண்டில் அவர் அடிக்கடி வாசற்படியில் தடுக்கினார். அருகில் வைத்த தண்ணீர்க் குவளையைத் தட்டிவிட்டார். கவனக்குறைவு என்று நாங்கள் கடிந்துகொண்டோம்.

மூக்குக் கண்ணாடியை மாற்றுவதற்காகச் சென்றபோதுதான் உண்மை தெரிந்தது. கண் நீர் அழுத்த நோயால் (கிளாக்கோமா) இரு கண்களிலும் பார்வைப் புலத்தின் கணிசமான பகுதியை அவர் இழந்திருந்தார். மருத்துவரிடம் அவர் கேட்ட கேள்வி இன்றும் என் நினைவில் இருக்கிறது: "பார்வை போயிருந்தால் அந்த இடம் இருட்டாகத் தெரிய வேண்டாமா? எனக்கு எங்கும் இருட்டே இல்லையே?"

நியாயமான கேள்வி. அதற்கான விடை, நாம் பொழுதுபோக்காக மட்டுமே கருதும் கண்மயக்கப் படங்களில் இருக்கிறது.

நம் முன்னோர் இருவகை மயக்கங்களை அறிந்திருந்தனர். ஒன்று கானல் நீர், மற்றொன்று கயிற்றரவு. இரண்டையும் பொய்த்தோற்றம் என ஒரே வரிசையில் வைப்பது வழக்கமாயினும், அவற்றுக்கிடையே பெரிய வேறுபாடு உண்டு. சூடேறிய தரைக்கு மேலுள்ள காற்றில் ஒளி வளைவதால் தோன்றுவது கானல் நீர். அதைப் புகைப்படம் எடுக்க முடியும். கயிற்றில் தோன்றும் பாம்பை எந்தப் புகைப்படக் கருவியாலும் பிடிக்க முடியாது. அது ஒளியில் பிறப்பதன்று. பார்ப்பவரின் மூளையில் பிறப்பது.

கண்ணைப் புகைப்படக் கருவியோடு ஒப்பிட்டே நாம் பள்ளியில் படித்திருக்கிறோம். அந்த ஒப்புமை விழித்திரை வரைக்கும்தான் பொருந்தும். விழித்திரையில் ஒளியை உணரும் செல்கள் 12 கோடிக்கும் மேல். அங்கிருந்து மூளைக்குச் செல்லும் பார்வை நரம்பின் இழைகளோ ஏறத்தாழ 10 லட்சம் மட்டுமே. மேலும், விழித்திரையின் நடுவிலுள்ள மிகச் சிறிய குழிப் பகுதியால் மட்டுமே நுட்பமாகப் பார்க்க இயலும். கையை நீட்டிப் பிடித்தால் கட்டைவிரல் நகம் மறைக்கும் அளவுதான் அதன் எல்லை. அதற்கு வெளியே உள்ளவையெல்லாம் மங்கலே. இந்தக் குறையை ஈடுகட்டவே நம் விழிகள் நொடிக்கு ஏறக்குறைய மூன்று முறை இடம்விட்டு இடம் தாவுகின்றன. ஆக, கண் மூளைக்கு அனுப்புவது முழுப் படமன்று. துண்டு துண்டான குறிப்புகளே. அவற்றையும் தன் முன்அனுபவத்தையும் கொண்டு, வெளியே என்ன இருக்கக்கூடும் என்று மூளை ஊகிக்கிறது. நாம் அறியாமலே நடக்கும் இந்த ஊகத்தையே பார்வையின் அடிப்படை என்றார் 19ஆம் நூற்றாண்டின் ஜெர்மானிய அறிவியலாளர் ஹெர்மன் வான் ஹெல்ம்ஹோல்ட்ஸ்.

இந்த ஊகம் பெரும்பாலும் சரியாகவே அமைகிறது. வெயிலில் கிடக்கும் கரித்துண்டு, வீட்டுக்குள் இருக்கும் வெள்ளைத் தாளைவிட அதிக ஒளியை நம் கண்ணுக்கு அனுப்புகிறது. ஆயினும் கரி கறுப்பாகவும் தாள் வெள்ளையாகவும்தான் தெரிகின்றன. வெளிச்சத்தையும் நிழலையும் மூளை கணக்கிட்டுக் கழித்துவிடுவதே காரணம். அமெரிக்காவின் எட்வர்ட் அடெல்சன் 1995இல் உருவாக்கிய சதுரங்கப் பலகைப் படம் இந்தக் கணக்கை வெளிச்சமிட்டுக் காட்டியது. அதில் நிழலில் இருக்கும் வெளிர் கட்டமும், நிழலுக்கு வெளியே இருக்கும் கரிய கட்டமும் அச்சில் ஒரே சாம்பல் நிறம். மற்ற கட்டங்களை மறைத்துவிட்டுப் பார்த்தால் உண்மை புரியும்; மறைப்பை எடுத்ததும் மறுபடியும் வெவ்வேறு நிறமாகவே தெரியும். நிழலில் இருந்தும் இவ்வளவு ஒளி வருகிறதென்றால் அது வெளிர் கட்டமாகத்தான் இருக்க வேண்டும் என்று மூளை முடிவு செய்துவிடுகிறது. உண்மையை அறிந்த பிறகும் அம்முடிவை நம்மால் மாற்ற முடிவதில்லை.

இனி, என் தந்தையின் கேள்விக்கு வருவோம். ஒரு சிறு சோதனை செய்து பாருங்கள். இடக்கண்ணை மூடிக்கொண்டு, இரு கைகளையும் முன்னால் நீட்டி, கட்டைவிரல்களை அருகருகே நிமிர்த்துங்கள். வலக்கண்ணால் இடக் கட்டைவிரலை மட்டுமே பார்த்தபடி, வலக்கையை மெல்ல வலப்புறம் நகர்த்துங்கள். ஏறத்தாழ ஒரு சாண் தொலைவுக்குள் வலக் கட்டைவிரலின் நுனி மறைந்துபோகும். மேலும் நகர்த்தினால் மீண்டும் தோன்றும்.

பார்வை நரம்பு கண்ணைவிட்டு வெளியேறும் இடத்தில் ஒளியுணரும் செல்கள் இல்லை. அதுவே குருட்டுப் புள்ளி. எல்லா மனிதரிடமும் எந்நாளும் இருந்துவந்த இதை, 17ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சு அறிஞர் எட்மே மரியோட் கண்டறிந்தார். நாம் கவனிக்க வேண்டியது விரல் மறைந்தது மட்டுமன்று. மறைந்த இடத்தில் கறுப்புத் துளை எதுவும் தோன்றாததுதான். பின்னால் உள்ள சுவரின் நிறத்தைக் கொண்டே மூளை அந்த இடத்தை ஒட்டுப்போட்டு நிரப்பிவிடுகிறது.

கண் நீர் அழுத்த நோயிலும் இதுவே நிகழ்கிறது. கண்ணுக்குள் சுரக்கும் நீர் சரிவர வடியாமல் அழுத்தம் கூடும்போது, பார்வை நரம்பின் இழைகள் ஒவ்வொன்றாக அழிகின்றன. பெரும்பாலும் ஓரப் பார்வையே முதலில் குறைகிறது. பெரும்பாலும் வலியும் இருப்பதில்லை. ஒரு கண் விட்டதை மறு கண் ஈடுகட்டுகிறது; இரண்டும் விட்டதை மூளை நிரப்புகிறது. நடுப் பார்வை தெளிவாக இருப்பதால் நாளிதழ் படிக்க முடிகிறது. கருவிழியை நேரே பார்த்தபடி இருக்கும்போது காலடியில் உள்ள படி மட்டும் "இல்லாமல்" போகிறது.

இழந்த பார்வையை மீட்க இன்றைய மருத்துவத்தில் வழியில்லை. எஞ்சியிருப்பதைச் சொட்டு மருந்தாலும் லேசர் அல்லது அறுவை சிகிச்சையாலும் காப்பாற்ற முடியும். எனவே, எவ்வளவு விரைவில் கண்டறிகிறோம் என்பதே எல்லாம். சுவரில் மாட்டிய எழுத்துப் பலகையைப் படித்துக் காட்டுவது நடுப் பார்வைக்கான சோதனை மட்டுமே. கண் அழுத்தம் இயல்பாக உள்ளவர்களுக்கும் இந்நோய் வரலாம் என்பதால், பார்வை நரம்பையும் பரிசோதிக்க வேண்டும். ஐயம் இருப்பின் பார்வைப் புலச் சோதனையும் தேவை. 40 வயதைக் கடந்தவர்கள், குடும்பத்தில் இந்நோய் உள்ளவர்கள், மருத்துவர் ஆலோசனையின்றி ஸ்டீராய்டு கலந்த சொட்டு மருந்தை நெடுநாள் பயன்படுத்துவோர் ஆகியோர் இதைத் தள்ளிப்போடலாகாது. கண்புரைக்காக ஊர்தோறும் நடக்கும் முகாம்களில் பார்வை நரம்புப் பரிசோதனையும் தவறாமல் இடம்பெற வேண்டும்.

என் தந்தையின் வற்புறுத்தலால் உடன்பிறந்தோர் நால்வரும் பரிசோதனை செய்துகொண்டோம். என் தமக்கைக்கு நோயின் தொடக்கநிலை தெரியவந்தது. அவருக்கும் அதுவரை எந்தக் குறையும் தெரிந்திருக்கவில்லை, இருட்டும் தெரிந்திருக்கவில்லை. உரிய நேரத்தில் தொடங்கிய சிகிச்சையால் அவரது பார்வை இன்று காக்கப்பட்டிருக்கிறது.

கண்ணால் காண்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பார்கள். தன் கண்ணைப் பற்றித் தானே விசாரித்தால் எவருக்கும் உண்மை கிடைக்காது. அந்த விசாரணையை மருத்துவரிடம் ஒப்படைப்பதே அறிவுடைமை.