கை தடுக்கும் இடம்

மிருதங்கம் கற்க வரும் பதின்வயதுப் பிள்ளைகளிடம் நான் முதலில் கேட்பது, "எந்த இடத்துல கை தடுக்குது?" என்பதுதான். பலரும் கோர்வையைத் தொடக்கத்திலிருந்து முழுதாகவே வாசித்துக்கொண்டிருப்பார்கள். தெரிந்த பகுதி மெருகேறும். தடுமாறும் சொற்கட்டு அப்படியே கிடக்கும். அதை மட்டும் தனியே எடுத்து, தாளம் போட்டு வாயால் சொல்லி, முதல் காலத்தில், அதாவது மெதுவான வேகத்தில், வாசிக்க வேண்டும். ஒவ்வொரு சொல்லும் தெளிவாக விழுந்த பிறகே இரண்டாம் காலம்.

பெர்லினில் வயலின் மாணவர்களை ஆராய்ந்து உளவியலாளர் ஆண்டர்ஸ் எரிக்சன் குழுவினர் 1993-இல் வெளியிட்ட கட்டுரையும், குறையைக் குறிவைத்துச் செய்யும் பயிற்சியையே வலியுறுத்தியது. அந்தப் பயிற்சி இயல்பிலேயே இனிப்பதில்லை என்றும் சொன்னது.

அதனால்தான் உள்ளிருந்து ஆர்வம் வேண்டும். "பக்கத்து வீட்டுப் பையனைப் பார்" என்று பிள்ளையை விரட்டுவது எனக்குச் சற்றும் பிடிக்காது. எதைக் கற்பது என்பதைப் பிள்ளைகளே தேர்ந்தெடுக்கட்டும். ஒரு மாணவி மிஸ்ர சாப்புத் தாளத்தைக் கேட்டு வாங்கிக் கற்றாள். அதன் ஏழு எண்ணிக்கை கைக்கு வந்ததும், "சார், பாட்டுக்கு வாசிக்கலாமா?" என்றாள். பாடும் தோழியை மறு வகுப்புக்கே அழைத்துவரச் சொன்னேன். அன்று நேரம் முடிந்தும் இருவரும் எழுந்திருக்கவில்லை.