மாலை ஏரியில் துடுப்பு போடும் முன்

2009 செப்டம்பர் 30 அன்று மாலை தேக்கடி ஏரியில் ‘ஜலகன்யகா’ என்ற சுற்றுலாப் படகு கவிழ்ந்து 45 பேர் உயிரிழந்தார்கள். அன்று புயலும் இல்லை, வெள்ளமும் இல்லை. கரையோரம் காட்டு விலங்குகள் தென்பட்டதும் பயணிகள் ஒரே பக்கமாக நகர்ந்தார்கள், படகு தாங்கவில்லை. 2011 கிறிஸ்துமஸ் நாளில், நம் திருவள்ளூர் மாவட்டத்துப் பழவேற்காட்டில் உல்லாசப் பயணம் போன படகு கவிழ்ந்து 22 பேர் இறந்தார்கள். 2024 ஜனவரி 18 அன்று குஜராத்தின் வதோதராவில், ஹர்ணி ஏரியில், படகு கவிழ்ந்து பள்ளிப் பிள்ளைகள் 12 பேரும் ஆசிரியைகள் 2 பேரும் இறந்தார்கள். பின்னிரண்டு விபத்திலும் அளவுக்கு மீறி ஆள் ஏற்றியிருந்தார்கள். பலருக்கு லைஃப் ஜாக்கெட் இல்லை.

இதையெல்லாம் இப்போது நினைவூட்டக் காரணம் உண்டு. ஆவடி–பூந்தமல்லி சாலையோரம் இருக்கும் பருத்திப்பட்டு ஏரி சீரமைக்கப்பட்டு, 2019-இல் பசுமைப் பூங்காவாகத் திறக்கப்பட்டது. நடைபாதை வந்தது, படகு சவாரியும் வந்தது. கூழைக்கடாவும் நாரையும் அங்கே வீட்டு மாடியிலிருந்தே தெரிகின்றன. கயாக் எனப்படும் ஓரிருவர் அமரும் துடுப்புப் படகு கோவளம், பிச்சாவரம் பக்கம் ஏற்கெனவே பழகிப்போன ஒன்று. ‘மாலை நேர கயாக், கைடு உண்டு, பறவை பார்க்கலாம்’ என்ற வாட்ஸாப் அழைப்பு மேற்குப் புறநகர்க்காரர்களுக்கும் எப்போது வேண்டுமானாலும் வரலாம். போக வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஏரியை நேசிக்கிறவர்கள் பெருகினால்தான் ஏரி பிழைக்கும். ஆனால் படகில் கால் வைக்கும் முன் சில விஷயங்களை ஒவ்வொருவரும் தெரிந்துகொண்டே ஆக வேண்டும்.

முதலில், இந்த ஏரி யாருடையது? அம்பத்தூர், கொரட்டூர், பருத்திப்பட்டு, செம்பரம்பாக்கம் போன்ற பெரிய ஏரிகளைப் பெரும்பாலும் நீர்வளத் துறை கவனிக்கிறது. பூங்கா வேறொரு அமைப்பின் கையில் இருக்கலாம். படகு குத்தகைக்காரருடையதாக இருக்கலாம். இந்த மூன்று பேரில் யார் அனுமதி தந்தார்கள் என்பதை எழுத்தில் காட்டச் சொல்ல உங்களுக்கு உரிமை உண்டு. சாகசச் சுற்றுலா நடத்துவோரைப் பதிவு செய்யும் ஏற்பாடு தமிழ்நாடு சுற்றுலாத் துறையில் இருக்கிறது. பதிவு எண்ணைக் கேளுங்கள். செம்பரம்பாக்கமும் புழலும் சென்னை குடிக்கும் தண்ணீர். அங்கே தனியார் யாராவது சவாரிக்கு அழைத்தால் அனுமதிக் கடிதத்தைக் கண்ணால் பார்க்காமல் பணம் அனுப்பாதீர்கள். மழைக்காலத்தில் மதகுக்கும் கலங்கலுக்கும் அருகே போவது உயிரோடு விளையாடுவது. 2015 டிசம்பர் தொடக்கத்தில் செம்பரம்பாக்கத்திலிருந்து விநாடிக்கு 29,000 கனஅடி வரை தண்ணீர் திறந்தார்கள் என்பதை இந்தப் பகுதி மறந்திருக்காது.

அடுத்து லைஃப் ஜாக்கெட். கொடுத்தார்களா என்று மட்டும் பார்த்தால் போதாது. மாட்டி, எல்லா கொக்கிகளையும் பூட்டிய பிறகு, கூட வந்தவரை உங்கள் இரு தோள்பட்டைப் பட்டைகளையும் பிடித்து மேலே தூக்கச் சொல்லுங்கள். ஜாக்கெட் தாடைக்கு மேல் ஏறி முகத்தை மறைத்தால், தண்ணீரில் விழும்போதும் அதுவேதான் நடக்கும். வேறு அளவு கேளுங்கள். பெரியவர்களுடையதைக் குழந்தைக்குச் சுற்றிக் கட்டிவிடுவது நம் ஊரில் சர்வசாதாரணம்; அதில் குழந்தை கீழே நழுவிவிடும். உள்ளே இருக்கும் ஃபோம் கட்டிதட்டி, அமுக்கினால் மீளாமல் கிடந்தால் அது வெறும் சட்டைதான். தோளருகே ஒரு விசில் தொங்க வேண்டும். இருட்டில் கூச்சலைவிட விசில்தான் தொலைவுக்குக் கேட்கும். தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையம் படகுப் பாதுகாப்புக்கென்றே 2017-இல் வழிகாட்டு நெறிமுறைகளை வெளியிட்டிருக்கிறது. ‘அதெல்லாம் எங்களுக்குத் தெரியாது சார்’ என்று சொல்லும் நடத்துநரிடம் பிள்ளைகளை ஒப்படைக்காதீர்கள்.

மாலை என்பதால் கூடுதல் கவனம் தேவை. சென்னையில் நவம்பரில் 5.40 மணிக்கெல்லாம் சூரியன் மறைந்துவிடும், ஜூலையில் 6.40 ஆகும். மறைந்தபின் அரை மணிக்குள் இருள் கவிந்துவிடும். ஆகவே ‘ஆறு மணிக்குக் கிளம்புகிறோம்’ என்ற ஒரே நேரம் எல்லா மாதத்துக்கும் பொருந்தாது. ஜூன் முதல் செப்டம்பர் வரை மேற்கே கருத்து, மாலையில் இடியோடு கொட்டுவது இந்தப் பகுதியின் வழக்கம். இடிச்சத்தம் காதில் விழுந்தாலே கரைக்குத் திரும்ப வேண்டும். திறந்த நீர்ப்பரப்பில் உயரமாக இருப்பது நீங்களும் உங்கள் துடுப்பும்தான். ஆகாயத்தாமரைக்குள் கவிழ்ந்தால் நீச்சல் தெரிந்தவருக்கும் கைகால் சிக்கும். மீன்பிடி உரிமை பெற்றவர்கள் போட்டிருக்கும் வலையும் சிக்க வைக்கும். அவர்கள் பிழைப்பு அது. வலையை அறுத்துக்கொண்டு போகிற சவாரியை ஏற்க முடியாது. தெர்மாகோல் மிதவையில் ஏரி முழுக்கச் சுற்றும் அந்த மனிதர்களுக்குத் தெரிந்த அளவு ஏரியின் பள்ளமேடு வேறு யாருக்கும் தெரியாது. கைடு வேலைக்கு முதலில் கூப்பிட வேண்டியவர்கள் அவர்கள்தான்.

கழிவுநீர் கலக்கும் ஏரியில் காலில் வெட்டுக்காயம், சிரங்கு இருந்தால் இறங்கவே வேண்டாம். எலியின் சிறுநீர் கலந்த தண்ணீர் காயம் வழியாக உடம்பில் புகுந்தால் எலிக்காய்ச்சல் வரலாம். போய்வந்து ஓரிரு வாரத்தில் காய்ச்சலும் கெண்டைக்கால் வலியும் கண் சிவப்பும் வந்தால், மருத்துவரிடம் ‘ஏரித் தண்ணீரில் நனைந்தேன்’ என்று நீங்களே சொல்லுங்கள். ஆரம்பத்தில் சொன்னால் எளிதாகக் குணமாகும். மறைத்தால் சிறுநீரகமும் கல்லீரலும் பாதிக்கப்படலாம். தண்ணீரில் நெளிவது பெரும்பாலும் விஷமில்லாத தண்ணீர்ப்பாம்பு. இருட்டிய கரைதான் ஆபத்து: செருப்பில்லாமல், டார்ச் இல்லாமல் புல்லில் நடக்காதீர்கள். பாம்பு கடித்துவிட்டால் கட்டுப்போடுவது, கீறுவது எதுவும் வேண்டாம், 108-ஐ அழைத்து அரசு மருத்துவமனைக்குப் போங்கள்.

இனி, நாம் பார்க்கப் போகிற உயிர்களின் பக்கம். அமெரிக்காவின் ஆஸ்டின் நகரில், 1980-இல் புதுப்பித்த காங்கிரஸ் அவென்யூ பாலத்தின் இடுக்குகளில் கோடைக்காலத்தில் சுமார் 15 லட்சம் வௌவால்கள் தங்குகின்றன. அவை அந்தியில் கூட்டமாகக் கிளம்புவதைக் கீழே ஆற்றில் கயாக்கில் உட்கார்ந்து பார்ப்பது அங்கே பேர்போன சுற்றுலா. அதைப் பார்த்துவிட்டு இங்கேயும் அதேபோல் நடத்தலாம் என்று நினைப்பது தவறு. அங்கே வௌவால் இருப்பிடத்தை விட்டுக் கிளம்பும் நேரம் அது. இங்கே பறவை வந்து அடையும் நேரம். நீர்க்காகமும் மடையானும் நாரையும் பகலெல்லாம் இரை தேடிவிட்டு ஏரி நடுவில் உள்ள கருவேல மரங்களில் இறங்கும் அந்த அரை மணியில் படகு அடியில் போய் நின்றால், கூட்டம் மொத்தமும் எழும்பும். இருட்டில் மறுபடி இடம் தேட வேண்டும். தினமும் இது நடந்தால் ஒருநாள் அந்த மரத்துக்கே வராமல் போய்விடும்.

முக்குளிப்பானின் கூடு இன்னும் பாவம். தண்ணீரிலேயே, கோரையில் கொக்கிபோட்டதுபோல் ஒட்டி மிதக்கும் ஈரப் பாசிக்குவியல் அது. ஆள் அரவம் கேட்டால் தாய் முட்டைகளைப் பாசியால் மூடிவிட்டு முங்கிவிடும். கயாக்கிலிருந்து பார்ப்பவருக்கு ஏதோ குப்பை மிதப்பதாகவே தெரியும். துடுப்பால் ஒதுக்கிவிட்டுப் போவார்கள். கோரைக்குள் நுழையும் சவாரி எதையும் நான் ஆதரிக்க மாட்டேன், கைடு எவ்வளவு அனுபவசாலியாக இருந்தாலும் சரி.

இது வெறும் இரக்கப் பேச்சு அல்ல, சட்டம். 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் ‘வேட்டை’ என்பதன் பொருள் கொல்வது மட்டுமல்ல. பிடிப்பது, பொறிவைப்பது, துரத்துவது, அட்டவணையில் உள்ள பறவையின் முட்டையையோ கூட்டையோ கலைப்பது எல்லாமே அதில் அடங்கும். சரணாலயத்துக்குள்தான் செல்லும் என்று எண்ணாதீர்கள், ஆவடி ஏரியிலும் அதே சட்டம்தான். 2022 திருத்தம் 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தபின் பொதுவான குற்றங்களுக்கு 3 ஆண்டு வரை சிறை, 1 லட்சம் ரூபாய் வரை அபராதம். நம் குளங்களில் சாதாரணமாகத் தலைநீட்டும் பாலாமை முதல் அட்டவணையில் இருக்கிறது. அதைப் பிடித்து வைத்துக்கொண்டால் குறைந்தது 3 ஆண்டு, அதிகபட்சம் 7 ஆண்டு. படம் எடுக்கத் தூக்குவதும் பிடிப்பதுதான். கைடே தூக்கிக் கையில் கொடுத்தாலும் வாங்காதீர்கள்.

ஒரு சங்கடமும் இருக்கிறது. 2017 சதுப்புநில விதிகள் பாசனத்துக்கும் குடிநீருக்கும் என்றே மனிதர் வெட்டிய நீர்நிலைகளைச் சேர்க்கவில்லை. நம் ஏரிகள் பெரும்பாலும் பாசனத்துக்கு வெட்டியவை. ஆகவே ‘சதுப்புநிலச் சட்டம் காப்பாற்றும்’ என்று நம்பி உட்கார முடியாது. ஆக்கிரமிப்பு என்றால் 2007-இன் தமிழ்நாடு ஏரிகள் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. பறவை என்றால் வனவிலங்குச் சட்டம் இருக்கிறது. எந்தக் கதவைத் தட்டுவது என்பதில் பலர் தடுமாறுகிறார்கள். கழிவுநீர் கலப்புக்குத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போகலாம். ஆனால் வனவிலங்குச் சட்டம் அந்தத் தீர்ப்பாயத்தின் பட்டியலில் இல்லை. கூடு கலைத்த புகாரை வனத்துறைக்கு எழுத வேண்டும். அசையவில்லை என்றால், 60 நாள் முன்னறிவிப்புக் கொடுத்துவிட்டு எந்தக் குடிமகனும் நேரே நீதிமன்றத்தில் புகார் வைக்க அதே சட்டத்தின் 55-ஆம் பிரிவு வழி விடுகிறது.

கடைசியாக அந்தத் தாள். படகில் ஏறும் முன் ‘எது நடந்தாலும் என் சொந்தப் பொறுப்பு’ என்று கையெழுத்து வாங்குவார்கள். கையெழுத்துப் போட்டதால் எல்லா உரிமையும் போய்விட்டது என்று பாதிக்கப்பட்டவர்கள் வீட்டிலேயே உட்கார்ந்துவிடுகிறார்கள். அப்படி இல்லை. பழுதான அல்லது அளவுக்கு மீறி ஏற்றிய படகில் கூலிக்கு ஆளைக் கொண்டுபோவது பாரதிய நியாய சன்ஹிதாவின் 284-ஆம் பிரிவில் தனிக் குற்றம். அலட்சியத்தால் உயிர் போனால் 106-ஆம் பிரிவு. உங்கள் கையெழுத்து குற்றவியல் சட்டத்தை நிறுத்தாது. ஒருதலைப்பட்சமான நிபந்தனையை ‘நியாயமற்ற ஒப்பந்தம்’ என்று 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டமே அடையாளம் காட்டுகிறது.

ஏதாவது நேர்ந்தால் முதலில் 112, அல்லது 108. பிறகு காவல் நிலையத்தில் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள், அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி மூன்றும் ஆவடி காவல் ஆணையரகத்துக்குள் வருகின்றன. ‘எங்கள் எல்லை இல்லை’ என்று திருப்பி அனுப்பக் கூடாது. மருத்துவமனையில் விபத்துப் பதிவேட்டின் நகலை (ஏ.ஆர். காப்பி) கேட்டு வாங்குங்கள். யுபிஐ ரசீது, வாட்ஸாப் அழைப்பு, கையெழுத்திட்ட தாளின் படம், கிழிந்த ஜாக்கெட்டின் படம், உடன் வந்தவர்களின் எண் இவற்றை அன்றே பத்திரப்படுத்துங்கள். அழைப்பை மறுநாளே அழித்துவிடுவார்கள். நுகர்வோர் உதவி எண் 1915. நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் ஆணையத்திலேயே வழக்குப் போடலாம், இரண்டு ஆண்டுக்குள். சேவைக்குக் கொடுத்த பணம் 5 லட்சத்துக்குள் என்றால் கட்டணம் கிடையாது, வக்கீலும் கட்டாயமில்லை. ஆவடி, பூந்தமல்லிக்காரர்களுக்குத் திருவள்ளூர் மாவட்டம். அம்பத்தூர் 2018 முதல் சென்னை மாவட்டத்தில் இருக்கிறது.

விபத்து நடக்கும்வரை காத்திருக்கவும் தேவையில்லை. உங்கள் ஏரியில் படகு விட யாருக்கு, எத்தனை படகுக்கு, எந்த மணிவரை அனுமதி, பறவை அடையும் பகுதிக்கு மிதவை கட்டி எல்லை போட்டிருக்கிறார்களா என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டி நீர்வளத் துறையைக் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். அந்தப் பதிலோடு திங்கள்கிழமை மாவட்ட ஆட்சியரின் குறைதீர்க்கும் கூட்டத்துக்குப் போய், எல்லையும் நேரமும் குறிக்காமல் எந்தக் குத்தகையும் விடக் கூடாது என்று மனுக் கொடுத்து, ஒப்புகைச் சீட்டை வாங்கிக்கொண்டு வாருங்கள்.